எழுபத்தொன்றாம் நிமிடம்

நாலு புள்ளி ஏழு ஜிபி.
என் சிம்மில் நாளொன்றுக்கு ஒன்றரை.
அதனால் இரவு ஒன்பதரைக்கு
கொருக்குப்பேட்டை கேட்டுக்குப் பக்கத்தில்
ஜாகீர் பாயின் ஜெராக்ஸ் கடைப் படியில்
ஷட்டர் இறங்கிய பிறகும் உட்கார்ந்திருக்கிறேன்.
"வைஃபைய விட்டுட்டுப் போறேன்.
கரண்ட் பில்லுக்கு அந்தக் கப்ப
இங்க கொண்டாந்து வை."

படம் எடுத்தது நான்தான்.
முட்டி போன நாளிலிருந்து
டீமில் எனக்கு இதுதான் வேலை:
துணிக்கொடிக் கம்பில் ரப்பர் பேண்டால் கட்டிய போனோடு
தண்ணித் தொட்டி மேல் நிற்பது,
கூட்ஸ் வண்டி போகும்போதெல்லாம்
மூச்சைப் பிடித்துக்கொள்வது.
பிடித்தாலும் ஆடும்.
வீடியோவில் பதினோரு முறை
மைதானத்துக்கே பல் தந்தியடிக்கிறது.

பதினெட்டு சதவீதம்.
ஏறுவதற்குள் தளம் கேட்கிறது:
அணி? எதிரணி? பிரிவு?
கொருக்குப்பேட்டை. எர்ணாவூர். பெண்கள்.
முடிவு?
ஒன்று – பூஜ்யம்
என்று அடித்துவிட்டு
விரல் கொஞ்சம் நின்றது.

இரண்டு தரம் பார்த்துவிட்டேன்.
மூன்றாவது தரம், கால் வேகத்தில்.
எழுபத்தொன்றாம் நிமிடம், பதினாலாவது நொடி.
அவங்க ஒன்பதாம் நம்பர் சங்கமித்ரா
இடது காலால் திருப்பிவிட்ட பந்து
ரோஸ்லினைத் தாண்டி
வலையில்லாத போஸ்ட்டில்
சுண்ணாம்புக் கோட்டையும் தாண்டி
ஒரு சாண்,
பொய் சொல்வானேன், ஒன்றரைச் சாண்
உள்ளே போய்விட்டது.
பின்னால் பாய்ந்து விழுந்த ரோஸ்லின்
ஓடும் பஸ் படியிலிருந்து
பிள்ளையை இழுப்பதுபோல்
அதை வெளியே இழுக்கிறாள்.
ரெஃப்ரி அந்த நேரம் பாதி மைதானத்தில்
அவிழ்ந்த ஷூ லேஸோடு.
கோல் இல்லை என்றார்.
அவங்க கத்தினாங்க, நாங்க கத்தினோம்.
ஒலியில் என் குரல்தான் பெரிது:
"லைன்லதான் சார்! லைன்லதான்!"
தொட்டி மேலிருந்து எனக்கு
அப்படித்தான் தெரிந்தது.
அப்படித்தான் தெரிந்தது என்று நினைக்கிறேன்.

நாற்பத்தொன்று.
எர்ணாவூர் ஞானசேகர் மாஸ்டரிடமிருந்து மெசேஜ்:
"லிங்க் அனுப்பும்மா. பசங்க பாக்கணும்ன்றாங்க."
குரலில் குறை இல்லை. அதுதான் கஷ்டம்.

நிறுத்தி, வெட்டி, மறுபடி ஏற்றலாம்.
இரண்டு மஞ்சள் பிடிகள், நண்டுக் கொடுக்கு மாதிரி;
நடுவில் இருபது நொடி.
கேட்டால் கூட்ஸ் வண்டி, போன் விழுந்திடுச்சு.
எங்கள் பக்கத்தில் எதற்கும்
கூட்ஸ் வண்டியைச் சொல்லலாம்.

ரோஸ்லினுக்கு அந்தத் துண்டை மட்டும் அனுப்பினேன்.
ஒன்றும் எழுதவில்லை.
நீல டிக்.
வெகுநேரம் கழித்து வாய்ஸ் நோட்,
பின்னால் குக்கர் விசில்:
"ஏய், நான் எப்டி பாஞ்சிருக்கேன் பாருடி!
இத எவ எடுப்பா, சொல்லு!"
அப்புறம் குரலை இறக்கி,
"உள்ளதான் போச்சு. எனக்கு அப்பவே தெரியும்.
கட் பண்ணாத.
பண்ணா நான் பாஞ்சதும் போயிடும்ல."

கேட் மூடியது. கூட்ஸ் வந்தது.
ஐம்பத்தெட்டு பெட்டி எண்ணினேன்.
படி அதிர, வைஃபை போய் வந்தது.

நூறு.
பகிர் என்பதைத் தொட்டு
எர்ணாவூரைத் தேடினேன்.

காலையில் ஏழு பேர், மதியம் முப்பது.
சங்கமித்ரா தன் பெயரை டேக் செய்திருந்தாள்,
எழுபத்தொன்றில் இல்லை.
இருபத்துமூன்றில்:
எங்கள் ஸ்டாப்பர் பேபியின் கால்களுக்கு நடுவே
பந்தைத் தள்ளிவிட்டு
அந்தப் பக்கம் போய் எடுத்துக்கொள்ளும் நாலு நொடி.
அது கோல் ஆகவில்லை. ஒன்றுமே ஆகவில்லை.
அதைத்தான் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறார்கள்.

மாஸ்டரிடமிருந்து ஒரே வார்த்தை:
"பாத்தோம்."

பதில் எழுதத் தெரியவில்லை.
கப் இப்போது ஜாகீர் பாய் கடையில்
லேமினேஷன் மிஷின் மேல் இருக்கிறது.
முடிவைத் திருத்தலாம் என்கிறது தளம்.
ஒன்று – பூஜ்யத்துக்குப் பக்கத்தில்
ஒரு சின்னப் பென்சில்.